முடியாத செப்டம்பர் யாருடைய புகார்?

(வாசிப்பு வட்டக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



‘இணையத்தின் பொற்காலம்’ என்று தலைப்புப் போட்டு அழைப்பிதழ் அடித்துவிட்டீர்கள். அழைப்பிதழைப் பார்த்த பிறகுதான் எனக்கே தெரியும். பரவாயில்லை. ஆனால் பொற்காலம் என்ற சொல்லைக் கேட்டாலே நமக்கு ஒரு சந்தேகம் வரும், வர வேண்டும். சோழர் காலமோ குப்தர் காலமோ, யாருக்குப் பொற்காலம் என்று கேட்டுப் பழகியவர்கள் நாம். இணையத்தையும் அப்படியே கேட்போம்.

இந்தப் பேச்சுக்குக் காரணம் இந்த அரங்கிலேயே உட்கார்ந்திருக்கிறார். நான்கு மாதத்துக்கு முன்பு உங்கள் வட்டத்தின் பக்கம் ஒரே இரவில் காணாமல் போனது. எட்டு வருடப் பதிவுகள். இரட்டைக் குவளை இருந்த டீக்கடைகளை ஊர் ஊராகப் போய்ப் படமெடுத்தது, நூல் அறிமுகங்கள், ஒரு தூய்மைப் பணியாளர் அக்கா தன் வாழ்க்கையை இரண்டு மணி நேரம் பேசிய பதிவு, எல்லாம் போனது. நிறுவனத்துக்கு எழுதினீர்கள், ஒரு இயந்திரம் பதில் போட்டது. அந்த வாரம் ஒரு தம்பி எனக்குப் போன் செய்து, “அண்ணா, அந்தக் காலத்துல இப்படி இல்லையாமே, இன்டர்நெட்ல சின்னச் சின்னக் குழுவா இருந்துச்சாம், எதுவும் எந்தக் கம்பெனிக்கும் சொந்தமில்லையாம், அது எப்படி அழிஞ்சது?” என்று கேட்டார். போனில் சொல்லி முடியாது என்றேன். அதற்குத்தான் இன்று மாட்டிக்கொண்டேன்.

எல்லாக் குழுக்களையும் பேச நேரமில்லை. அந்தக் காலக் குழுக்களில் மூத்தவற்றில் ஒன்றான யூஸ்நெட்டை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். நான் அதில் இருந்தவன் இல்லை. எங்கள் ஊருக்கு பிரவுசிங் சென்டர் வந்து, நான் காசு சேர்த்துக்கொண்டு போய் உட்கார்ந்தபோது யூஸ்நெட்டுக்கு ஏற்கெனவே மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது. படித்துத் தெரிந்துகொண்டதைத்தான் சொல்கிறேன்.

1979. அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் டியூக் பல்கலைக்கழகம். டாம் ட்ரஸ்காட், ஜிம் எல்லிஸ் என்று இரண்டு முதுநிலை மாணவர்கள். அப்போது ‘அர்ப்பாநெட்’ என்று ஒரு கணினி வலைப்பின்னல் இருந்தது, இன்றைய இணையத்தின் முன்னோடி. அதில் சேர அமெரிக்கப் பாதுகாப்புத் துறையோடு ஆராய்ச்சித் தொடர்பு இருக்க வேண்டும். டியூக்குக்கு அது இல்லை. உள்ளே இருக்கும் பல்கலைக்கழகங்கள் ஒன்றோடொன்று பேசிக்கொள்கின்றன, இவர்கள் வெளியே நிற்கிறார்கள். சரி, நாமே ஒன்று செய்துகொள்வோம் என்று இறங்கினார்கள். பக்கத்து ஊரான சேப்பல் ஹில்லில் இன்னொரு பல்கலைக்கழகம். அங்கே படித்துக்கொண்டிருந்த ஸ்டீவ் பெல்லோவின் முதல் நிரலை எழுதினார். 1980 ஜனவரியில் வெளியுலகுக்கு அறிவித்தார்கள். ‘ஏழையின் அர்ப்பாநெட்’ என்று தங்களைத் தாங்களே சொல்லிக்கொண்டார்கள்.

ஏழை என்ற சொல்லைக் கொஞ்சம் நிறுத்திப் பாருங்கள். டியூக் ஒரு பணக்காரத் தனியார் பல்கலைக்கழகம். கறுப்பின மாணவர்களை இளநிலைப் படிப்பில் அது முதன்முதலாகச் சேர்த்தது 1963இல்தான், ஐந்து பேரை. யூஸ்நெட் பிறப்பதற்குப் பதினாறே வருடங்களுக்கு முன்பு. அர்ப்பாநெட்டின் வாசலில் நின்றவர்களுக்கு அவமானம் இருந்தது உண்மை. ஆனால் அவர்கள் நின்றதே இன்னொரு பெரிய வாசலுக்கு உள்ளே. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் திரும்ப வருவேன்.

அது எப்படி வேலை செய்தது என்று தெரிந்தால்தான் மற்றதெல்லாம் புரியும். நடுவில் ஒரு தலைமைக் கணினி கிடையாது. நீங்கள் ஒரு செய்தி எழுதுகிறீர்கள். அது உங்கள் கல்லூரிக் கணினியில் இருக்கும். இரவில், தொலைபேசிக் கட்டணம் குறைந்த நேரத்தில், அந்தக் கணினி பக்கத்து ஊர்க் கணினிக்கு டயல் செய்து, “என்னிடம் புதிதாக இவ்வளவு இருக்கிறது, உன்னிடம் என்ன இருக்கிறது?” என்று கேட்டு மாற்றிக்கொள்ளும். அந்தக் கணினி அடுத்த ஊருக்குச் சொல்லும். நொடிக்கு முப்பது எழுத்து அனுப்பும் மோடம்கள் சாதாரணமாகப் புழங்கிய காலம். ஒரு செய்தி நாடு முழுக்கப் போய்ச் சேர நாட்கணக்கில் ஆகும். நம் ஊரில் சாவுச் செய்தி சொல்லப் போகிறவர் ஒரு ஊரில் சொல்லிவிட்டு அடுத்த ஊருக்கு நடப்பாரே, அந்த மாதிரி. (அந்த வேலையை யார் தலையில் கட்டினார்கள் என்பது இந்த அரங்கில் எல்லோருக்கும் தெரியும், அதற்குள் போகவில்லை.) ஒவ்வொரு செய்தியும் எல்லாக் கணினியிலும் ஒரு நகலாக இருக்கும். ஒரு கணினி எரிந்து போனாலும் மற்றவற்றில் இருக்கும். உருவாக்கியவர்கள் ஒரு நாளைக்கு ஒன்றிரண்டு செய்திகள் வரும் என்றுதான் எதிர்பார்த்தார்கள்.

வந்தது வெள்ளம். கணினி மொழிக்கு ஒரு குழு, சமையலுக்கு ஒன்று, அறிவியல் புனைகதைக்கு ஒன்று, மதச் சண்டைக்கு ஒன்று. உலகளாவிய வலை என்று நாம் சொல்லும் வேர்ல்ட் வைட் வெப்பை டிம் பெர்னர்ஸ் லீ 1991 ஆகஸ்டில் பொதுவாக அறிவித்தது ஒரு யூஸ்நெட் குழுவில்தான். அதே மாதம் லினஸ் டோர்வால்ட்ஸ் என்ற பின்லாந்து மாணவர், பொழுதுபோக்காக ஒரு இயங்குதளம் எழுதிக்கொண்டிருக்கிறேன் என்று சொன்னதும் ஒரு யூஸ்நெட் குழுவில்தான். அதுதான் லினக்ஸ். ஒரே விஷயத்தில் பைத்தியமாக இருக்கும் நூறு பேர் உலகத்தின் நூறு மூலைகளில் இருந்தால், அவர்கள் சந்திக்க ஒரு திண்ணை கிடைத்தது. தம்பி கேட்ட பொற்காலம் இதுதான். இதைக் கொச்சைப்படுத்த எனக்கு மனமில்லை.

ஆனால் திண்ணை யாருடையது?

யாருக்கும் சொந்தமில்லை என்பது பாதி உண்மை. தொலைபேசிக் கட்டணம் கட்டியவர்கள் இருந்தார்கள். பல்கலைக்கழகங்களும் பெரிய நிறுவனங்களும் கட்டின, பல நேரம் தாங்கள் எதற்குக் கட்டுகிறோம் என்று தெரியாமலேயே. அதிலும் சில பெரிய கணினிகள்தான் செய்திகளில் பெரும்பகுதியைச் சுமந்தன. அவற்றின் நிர்வாகிகள் ஒரு சிறு வட்டம். 1986, 87இல் அவர்கள் எல்லாக் குழுக்களுக்கும் புதுப் பெயர் வைத்தார்கள். ஏழு தலைப்புகள். கணினி ஒரு பக்கம், அறிவியல் ஒரு பக்கம், சமூகம் ஒரு பக்கம். சண்டை ஓயாத, நிர்வாகிகளுக்கு எரிச்சலூட்டிய குழுக்களை ‘டாக்’ என்ற ஒரே தலைப்பின் கீழ் தள்ளினார்கள். ஏனென்றால் வேண்டாதவர்கள் அந்த ஒரு தலைப்பை மொத்தமாக வெட்டிவிடலாம். ஐரோப்பாவில் இருந்தவர்களுக்குக் கடல் கடந்த தொலைபேசிக் கட்டணம். அவர்கள் இதையெல்லாம் சுமக்கத் தயாரில்லை. நியாயமான சிக்கல்தான். ஆனால் செலவு என்ற காரணத்தைச் சொல்லி, எந்தப் பேச்சு நடுவீட்டில், எந்தப் பேச்சு கொல்லைப்புறத்தில் என்று சிலர் உட்கார்ந்து முடிவு செய்தார்கள். அதை எதிர்த்து வேறு சிலர் 1987இல் ‘ஆல்ட்’ என்று தனித் தலைப்பு தொடங்கினார்கள். அங்கே யார் வேண்டுமானாலும் குழு தொடங்கலாம்.

மற்ற தலைப்புகளில் புதுக்குழு வேண்டுமென்றால் பின்னாளில் வாக்கெடுப்பு வைத்தார்கள். ஆதரவு மூன்றில் இரண்டு பங்கு இருக்க வேண்டும், எதிர்ப்பைவிட நூறு வாக்காவது கூடுதலாக இருக்க வேண்டும். 1996இல் வெள்ளை இனவெறியர்கள் தங்கள் இசைக்கென்று ‘ரெக்.மியூசிக்.வைட்-பவர்’ என்ற குழுவைக் கேட்டார்கள். முப்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் எதிர்த்து வாக்களித்தார்கள், ஆதரவு சில நூறு. தோற்றார்கள். நல்லது, கைதட்டலாம். ஆனால் விதியை இன்னொரு முறை படியுங்கள். அந்தக் குழுவில் ஒருநாளும் சேரப் போகாதவர்களும் அது வேண்டாம் என்று வாக்களிக்கலாம். சிறுபான்மையினர் தங்களுக்கென்று ஒரு அறை கேட்டால், அனுமதி பெரும்பான்மையின் கையில். 1932இல் என்ன நடந்தது என்று படித்தவர்களுக்கு இந்த இடத்தில் காது விடைக்கும்.

இந்த விதிகளெல்லாம் எழுதப்படும் முன்பே அப்படி ஒரு அறை பிறந்துவிட்டது. இன்று நான் முக்கியமாகச் சொல்ல வந்தது அந்தக் கதையைத்தான்.

1983இல் ஸ்டீவ் டையர் என்பவர் தன்பாலீர்ப்பாளர்களுக்காக யூஸ்நெட்டில் ஒரு குழு தொடங்கினார். பெயர் நெட்.மாட்ஸ். ‘ஒரே பாலைச் சேர்ந்தவர்கள்’ என்று பொருள்படும் ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகள். பெயரில் எந்தத் தடயமும் இல்லை என்பதைக் கவனியுங்கள். வேண்டுமென்றே அப்படி வைத்தார்கள். கல்லூரிக் கணினி நிர்வாகி குழுக்களின் பட்டியலைப் பார்க்கும்போது கண்ணை உறுத்தக் கூடாது. உங்கள் தோளுக்குப் பின்னால் நின்று திரையை எட்டிப் பார்க்கிறவருக்கும் ஒன்றும் புரியக் கூடாது. எந்தக் குழுவை எடுப்பது, எதை விடுவது என்று ஒவ்வொரு நிர்வாகிக்கும் உரிமை இருந்தது. அவர் வேண்டாம் என்றால் அந்தக் கல்லூரியில் அந்தக் குழு கிடையாது.

அந்தக் காலம் எப்படிப்பட்டது? தன்பாலுறவு அமெரிக்காவின் பல மாநிலங்களில் குற்றம். 1986இல் ஜார்ஜியா மாநிலத்தின் அந்தச் சட்டம் செல்லும் என்று உச்ச நீதிமன்றமே தீர்ப்பளித்தது. 2003இல்தான் அந்தத் தீர்ப்பு கவிழ்ந்தது. எய்ட்ஸ் முதன்முதலாகப் பதிவாகி இரண்டு வருடம்தான் ஆகியிருந்தது. இளைஞர்கள் செத்துக்கொண்டிருந்தார்கள், அரசு வாய் திறக்கவில்லை. ஒரு சின்ன ஊர்ப் பல்கலைக்கழகத்தில் தனியாக இருக்கும் இருபது வயதுப் பையன், தன்னைப் போல் இன்னொருவர் பூமியில் இருக்கிறார் என்பதை முதன்முறையாக ஒரு பச்சை எழுத்துத் திரையில் படிக்கிறான். அவனுக்கு அது என்னவாக இருந்திருக்கும் என்று இந்த அரங்கில் சிலருக்கு விளக்கத் தேவையில்லை. விடுதியில் சாதியை மறைத்து, அப்பாவின் தொழிலை மாற்றிச் சொல்லி, மூன்று வருடம் கழித்துப் பக்கத்து அறைக்காரரும் நம்மவர்தான் என்று தெரிந்துகொண்டவர்களுக்கு.

இன்னொன்று. அங்கே எழுதியவர்களில் பலர் சொந்தப் பெயரில் எழுதினார்கள். புனைபெயர் வைத்தாலும் முகவரி காட்டிக் கொடுத்துவிடும், அதில் எந்தக் கல்லூரி, எந்த நிறுவனம் என்று இருக்கும். முதலாளியின் கணினியிலிருந்து, முதலாளியின் முகவரியோடு, நான் இப்படிப்பட்டவன் என்று எழுதுவது. அந்தத் துணிச்சலைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கும். பயந்தவர்களுக்கென்று பின்னாளில் பெயரை மறைத்து அனுப்பும் வசதிகள் வந்தன. பின்லாந்தில் யோஹான் ஹெல்சிங்கியஸ் 1993இல் தொடங்கிய அப்படியொரு சேவையை லட்சக்கணக்கானவர்கள் பயன்படுத்தினார்கள். ஒரு பணக்கார மத அமைப்பு நீதிமன்றம் வரை போய் ஆளைக் காட்டு என்று நெருக்கியது. காப்பாற்ற முடியாத ரகசியத்தை வாங்கி வைக்கக் கூடாது என்று 1996இல் அவர் கடையை மூடினார். நேர்மையான மனிதர்.

நெட்.மாட்ஸ், பெயர் மாற்றத்தில் சாக்.மாட்ஸ் ஆனது. ‘டாக்’ என்ற கொல்லைக்குப் போகவில்லை, சமூகம் என்ற தலைப்பின் கீழ் வந்தது. அதன் ஆட்கள் 1988இலிருந்து வருடம் ஒரு ஊரில் நேரிலும் கூடினார்கள்.

இப்போது செப்டம்பருக்கு வருகிறேன்.

அமெரிக்காவில் கல்லூரி திறக்கும் பருவம் செப்டம்பரை ஒட்டி வரும். புது மாணவர்களுக்குக் கணினிக் கணக்கு கிடைக்கும். அவர்கள் யூஸ்நெட்டில் நுழைந்து கண்டதையும் எழுதுவார்கள், ஏற்கெனவே நூறு முறை பதில் சொன்ன கேள்வியை மறுபடி கேட்பார்கள். பழையவர்கள் திட்டுவார்கள், சிலர் பொறுமையாகச் சொல்லித் தருவார்கள். அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள் என்று இன்று எல்லாத் தளங்களிலும் ஒரு பக்கம் இருக்கிறதே, அந்தப் பழக்கம் பெருகியது இந்தக் குழுக்களில்தான். ஒரு மாதம் போனால் புதியவர்கள் பழகிவிடுவார்கள், மறுபடி அமைதி. 1993 வாக்கில் காசு கட்டினால் யாருக்கும் இணைப்புத் தரும் நிறுவனங்கள் யூஸ்நெட்டைத் திறந்துவிட்டன. 1994இல் ஏ.ஓ.எல். என்ற பெரிய நிறுவனமும் சேர்ந்தது. கல்லூரி வாசலைத் தாண்டாதவர்கள், இல்லத்தரசிகள், பள்ளிப் பிள்ளைகள், கடைக்காரர்கள் எல்லோரும் வந்தார்கள். தினமும் வந்தார்கள். அந்த 1993 செப்டம்பர் முடியவே இல்லை என்று பழையவர்கள் புலம்பினார்கள். ‘முடிவில்லாத செப்டம்பர்’ என்ற பெயர் நிலைத்துவிட்டது. இணைய வரலாறு எழுதும் ஆண்களில் பாதிப் பேர் இன்றும் கண்ணில் நீர் மல்கச் சொல்லும் கதை இது.

இந்தப் புகாரில் இரண்டு சங்கதிகள் கலந்திருக்கின்றன. ஒன்று நியாயமானது. ஒரு இடத்தின் பழக்கவழக்கங்களைச் சொல்லித்தர ஆள் வேண்டும். பத்துப் பேருக்கு ஒருவர் புதிதாக வந்தால் சொல்லித்தரலாம், ஒருவருக்குப் பத்துப் பேர் வந்தால் முடியாது. இயக்கம் நடத்துகிறவர்களுக்கு இது தெரியும். ஒரு போராட்டம் முடிந்த அடுத்த வாரம் கூட்டத்துக்கு இருநூறு பேர் வருவார்கள், நாற்காலியும் இருக்காது, பேசிப் புரியவைக்க ஆளும் இருக்காது.

மற்றது அசிங்கமானது. ஏ.ஓ.எல். என்று முகவரியில் இருந்தாலே எழுதியதைப் படிக்காமல் கேலி செய்தார்கள். பல்கலைக்கழக முகவரி என்றால் ஆள் தேறுவான். என்ன எழுதியிருக்கிறான் என்று பார்ப்பதற்கு முன்பு எங்கிருந்து வருகிறான் என்று பார்ப்பது. எந்தத் தெரு என்று கேட்டுவிட்டுத் தண்ணீர் கொடுக்கிற ஊரில் பிறந்த நமக்கு இது புதிதா? அதுவும் இந்த இடத்தையே கட்டியவர்கள் யார்? உனக்கு அர்ப்பாநெட்டில் இடமில்லை என்று வெளியே நிறுத்தப்பட்டவர்கள். பதினான்கு வருடத்தில் அவர்களுக்குப் பின் வந்தவர்கள் வாசலில் நின்றுகொண்டு அடுத்தவரைத் தடுக்கிறார்கள். ஏணிப்படி ஏற்றத்தாழ்வு என்று அம்பேத்கர் எதைச் சொன்னாரோ அதைப் பிறப்போடு கட்டினால் சாதி. இங்கே அது பிறப்போடு கட்டப்படவில்லை, அந்த வேறுபாட்டை நான் மறைக்கவில்லை. ஆனால் மேலே பார்த்துக் குமுறிவிட்டு, கீழே பார்த்துத் துப்பும் பழக்கம் எந்த ஊரில் இருந்தாலும் அதன் வாடை ஒன்றுதான்.

நம் பக்கத்தையும் பார்த்துவிடுவோம். இந்தியாவில் 1986இல் எர்நெட் என்ற வலைப்பின்னல் தொடங்கியது. இணைக்கப்பட்டவை ஐஐடிகள், பெங்களூர் இந்திய அறிவியல் கழகம் போன்ற ஒரு கைப்பிடி நிறுவனங்கள். பொதுமக்களுக்கு விஎஸ்என்எல் இணைய இணைப்பைக் கொடுத்தது 1995 ஆகஸ்ட் 15இல். ஆக ஒன்பது வருடம் இந்த நாட்டில் இணைய வாசல் என்பது ஏறத்தாழ ஐஐடி வாசல்தான். அந்த வாசலில் தலித், பழங்குடி மாணவர்களுக்கு இடஒதுக்கீடு 1973இல் வந்தது, அதுவும் எத்தனை இடங்கள் நிரம்பாமல் கிடந்தன என்பது தனிக்கதை. பிற்படுத்தப்பட்டோருக்கு 2008இல்தான் வந்தது. யூஸ்நெட்டில் ‘சாக்.கல்ச்சர்.தமிழ்’ என்று ஒரு குழு இருந்தது. பெரும்பாலும் ஆங்கில எழுத்தில்தான் தமிழை எழுதினார்கள். வெளிநாட்டில் படித்தவர்களும் பொறியாளர்களுமாகக் கூடிய இடம். அங்கே நடந்த சண்டைகளில் நம் பெற்றோர்கள் ஒரு தலைப்பாகப் பேசப்பட்டிருக்கலாம். பேசுகிறவராக உட்கார அவர்களுக்கு வழியே இல்லை. அதனால்தான் சொல்கிறேன், அந்த முடியாத செப்டம்பரில்தான் நானும் நீங்களும் உள்ளே வந்தோம். நாம்தான் அந்தப் புகாரில் சொல்லப்படும் கூட்டம்.

அப்படியென்றால் யூஸ்நெட்டைக் கொன்றது யார்? புதியவர்கள் இல்லை. 1994 ஏப்ரலில் அமெரிக்க வழக்கறிஞர் தம்பதி கேன்டர், சீகல் இருவரும் கிரீன் கார்டு வாங்கித் தருகிறோம் என்ற விளம்பரத்தை ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட குழுக்களில் கொட்டினார்கள். நன்கு படித்தவர்கள். பிறகு விளம்பரக் குப்பை நிற்கவே இல்லை. இன்னொரு பக்கம் திருட்டுப் படங்களும் மென்பொருள்களும் எழுத்துகளாக மாற்றப்பட்டு அனுப்பப்பட்டன. அந்தக் கோப்புகளின் பாரத்தில் வட்டு வாங்கி மாளவில்லை. யாருக்கும் சொந்தமில்லாத இடத்தைக் கூட்டிப் பெருக்கவும் யாரும் இல்லை. தொல்லை கொடுக்கிறவனை உங்கள் திரையில் வராமல் மறைத்துக்கொள்ளலாம், வெளியே அனுப்ப முடியாது. பெண்களும் சிறுபான்மையினரும் அதற்கு என்ன விலை கொடுத்திருப்பார்கள் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். இதற்கிடையில் வலைத்தளங்கள் வந்துவிட்டன, பார்க்க அழகாக, படங்களோடு. 2005இல் ஏ.ஓ.எல். நிறுத்தியது. 2008இல் சிறார் பாலியல் படங்களைத் தடுக்கச் சொல்லி நியூயார்க் அரசு வழக்கறிஞர் நெருக்கியபோது, பெரிய இணைப்பு நிறுவனங்கள் பல குழுக்களை மொத்தமாகவே வெட்டின. 2010 மே 20இல், எல்லாம் தொடங்கிய டியூக் பல்கலைக்கழகமே தன் யூஸ்நெட் சர்வரை அணைத்தது.

ஆனால் பாருங்கள், இத்தனைக்கும் அது இன்றுவரை முழுதாகச் சாகவில்லை. யாரும் ஒரு பொத்தானை அழுத்தி அதைச் சாகடிக்க முடியாது. ஆட்கள் பிழைக்கப் போய் ஊர் வெறிச்சோடுவது போல அது வெறிச்சோடியது. அதற்குப் பிறகு வந்தவை அப்படிப் போகவில்லை. ஜியோசிட்டீஸில் லட்சக்கணக்கானவர்கள் கையால் கட்டிய பக்கங்களை 2009 அக்டோபரில் மூடினார்கள். ஆர்க்குட் 2014 செப்டம்பர் 30. எனக்கு முதல் தோழர்கள் கிடைத்தது அங்கேதான், அந்தச் சாதி ஒழிப்புக் குழுவில் நாங்கள் விடிய விடியச் சண்டை போட்டதில் ஒரு வரிகூட என்னிடம் இல்லை. யாஹூ குழுக்கள் 2020 டிசம்பர். எல்லாமே வாடகை வீடு. வீட்டுக்காரர் தேதி சொல்வார், காலி செய்ய வேண்டும். உங்களுக்குத் தேதிகூடச் சொல்லவில்லை.

இதோடு நிறுத்தினால், நகலைப் பத்திரமாக வையுங்கள் என்று சொல்லிவிட்டு நான் பஸ் ஏறிவிடலாம். அப்படி எளிதாக இல்லை. யூஸ்நெட் செய்திகளை யாரும் நிரந்தரமாகச் சேமிக்கவில்லை. வட்டு விலை அதிகம், சில வாரங்களில் அழித்துவிடுவார்கள். சாக்.மாட்ஸில் எழுதியவர்களுக்கும் அது தெரியும். பேச்சு போல, காற்றில் போய்விடும். டொரோன்டோ பல்கலைக்கழக விலங்கியல் துறையில் ஹென்றி ஸ்பென்சர் என்பவர் மட்டும் 1981 முதல் 1991 வரை வந்ததையெல்லாம் காந்த நாடாவில் எடுத்து வைத்துக்கொண்டே இருந்தார். 141 நாடாக்கள். ஏறத்தாழ இருபது லட்சம் செய்திகள். அவர் செய்யாவிட்டால் அந்தப் பத்து வருடமே இல்லை. 1995இல் டெஜா நியூஸ் என்ற நிறுவனம் அன்றாட யூஸ்நெட் செய்திகளைச் சேமித்து, யார் எழுதியதையும் பெயர் போட்டுத் தேடலாம் என்று திறந்தது. எதிர்ப்பு வந்த பிறகு, சேமிக்க வேண்டாம் என்று செய்தியின் தலையில் ஒரு வரி எழுதினால் விட்டுவிடுகிறோம் என்றார்கள். கூகுள் 2001இல் அதை வாங்கியது, அந்த ஆண்டு இறுதியில் ஸ்பென்சரின் நாடாக்களையும் சேர்த்து வெளியிட்டது. 1984இல் ஒரு பையன் நடு இரவில் நூறு பேரை நம்பிச் சொன்னது, பதினேழு வருடம் கழித்து அவன் முதலாளியும் மாமனாரும் தேடிப் படிக்கக் கிடைத்தது. சேமிக்க வேண்டாம் என்ற அந்த ஒரு வரியை அவன் 1984இல் எப்படி எழுதியிருக்க முடியும்? அதே நாடாக்கள் இல்லையென்றால், எய்ட்ஸ் காலத்தில் அந்த மனிதர்கள் ஒருவரையொருவர் எப்படித் தாங்கினார்கள் என்பதற்குச் சாட்சியும் இல்லை. 2024 பிப்ரவரியில் கூகுள் புதிய யூஸ்நெட் செய்திகளை எடுப்பதை நிறுத்திக்கொண்டது. பழையது அதன் கையில்.

இரண்டு பக்கமும் எனக்கு நியாயம் தெரிகிறது. பல நாள் யோசித்தும் ஒரு பக்கம் சாய முடியவில்லை.

நேற்று இரவு தம்பி ஒரு செய்தி சொன்னார். அந்த அக்கா பேசிய இரண்டு மணி நேரப் பதிவு, ஒரு பழைய போனின் மெமரி கார்டில் கிடைத்துவிட்டது. எல்லோருக்கும் சந்தோஷம், உடனே ஏற்றிவிடலாம் என்கிறார்கள். அதில் அவர் தன் பெயர், ஊர், ஒப்பந்தக்காரர் பெயர், அவர் செய்த அட்டூழியம் எல்லாம் சொல்கிறார். அன்று உங்கள் பக்கத்தைப் பார்த்தவர்கள் இருநூறு பேர். இன்று அவர் மகள் அரசு வேலைக்குத் தேர்வு எழுதிக்கொண்டிருக்கிறாளாம். நேற்றே மூன்று நகல் எடுத்து மூன்று வீட்டில் வைக்கச் சொன்னேன். ஏற்றுவதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேர் அக்கா வீட்டுக்குப் போகிறார்கள், மெமரி கார்டையும் எடுத்துக்கொண்டு. முதலில் அவர் உட்கார்ந்து கேட்கட்டும்.

கேள்விகள் இருந்தால் கேளுங்கள். கடைசிப் பேருந்து ஒன்பதரைக்கு.